அடித்தவன் கையெழுத்துப் போடட்டும்!
குடும்ப வழக்கில் சமரசம்: பெண்கள் கவனிக்க வேண்டியது என்ன?

சயான் ஆஸ்பத்திரிக்கு முகம் வீங்கி வரும் பெண்களில் சிலர் "வழுக்கி விழுந்து விட்டேன்" என்று சொல்லிவிடுவது உண்டு. அடித்தது கணவன் என்று சொன்னால் குடும்ப மானம் போய்விடுமே என்ற பயம்தான்.

இதே ஆஸ்பத்திரியின் குழந்தை மருத்துவ நிபுணர் டாக்டர் ஆர்மிடா பெர்னாண்டஸ் 1999-ல் 'ஸ்நேகா' என்ற தொண்டு நிறுவனத்தைத் தொடங்கினார். அடிபடும் பெண்களுக்கு ஆலோசனை சொல்லும் பணியை அது தாராவியில் செய்து வருகிறது.

பெரியவர்கள் பேச்சு

நம்மவர் வீடுகளில் தகராறு என்றால் முதலில் வருபவர்கள் ஊர்ப் பெரியவர்கள். கணவனைக் கண்டிப்பார்கள், "பிள்ளைகளுக்காகப் பொறுத்துப் போம்மா" என்று மனைவியை அனுப்பி வைப்பார்கள். பத்து நாள் அமைதி. பிறகு பழைய கதைதான். காரணம், வாய் வார்த்தைக்குக் கட்டுப்பாடு இல்லை.

சட்டம் சொல்வது

குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் 2006 அக்டோபர் 26 முதல் அமலில் இருக்கிறது. இதன்படி மாஜிஸ்திரேட்டு இருவரையும் ஆலோசகரிடம் அனுப்பலாம். அங்கே "அவள் எதிர்த்துப் பேசினாள், அதனால் அடித்தேன்" என்ற நியாயம் செல்லாது. இனி அடிக்க மாட்டேன் என்று கணவன் உறுதிமொழி தரவேண்டும். உடன்பாடு ஏற்பட்டால், இருவரையும் விசாரித்துத் திருப்தி அடைந்த பிறகே கோர்ட்டு அதை ஏற்கும்.

பாதுகாப்பு உத்தரவை மீறினால் ஓராண்டு வரை ஜெயில், அல்லது ரூ.20 ஆயிரம் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கப்படலாம். கூடி வாழ்ந்த வீடு யார் பெயரில் இருந்தாலும் அங்கே வசிக்க மனைவிக்கு உரிமை உண்டு.

போலீஸ் வழக்கு

கணவன் கொடுமைக்கான 498-ஏ பிரிவு 1983-ல் வந்தது. 2024 ஜூலை 1 முதல் நடக்கும் குற்றங்களுக்குப் புதிய சட்டத்தின் 85-வது பிரிவு. இந்த வழக்கு, மனைவி "வேண்டாம்" என்றதும் முடிந்து விடாது. உடன்பாட்டைக் காட்டி ஐகோர்ட்டில் ரத்து செய்யக் கேட்க வேண்டும். சமரசத்துக்கு வழி தெரியும் வழக்குகளைப் பேச்சுவார்த்தைக்கு அனுப்பலாம் என்று 2013-ல் சுப்ரீம் கோர்ட்டு கூறியது.

சேர்ந்து வாழ்வது மட்டும் சமரசம் அல்ல. ஜீவனாம்சம், நகை, பிள்ளைகள் பொறுப்பு ஆகியவற்றைப் பேசி முடித்து, கவுரவமாகப் பிரிவதும் சமரசமே. எதுவானாலும், படித்துக் காட்டாத காகிதத்தில் கையெழுத்துப் போடக்கூடாது. ஆஸ்பத்திரிச் சீட்டைப் பத்திரமாக வைக்கவேண்டும்.

பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாக வக்கீல் தரும். அவசரத்துக்கு 181 என்ற எண்ணில் பேசலாம்.

சமரசம் நல்லதுதான். ஆனால் அதில் முதலில் நிற்க வேண்டியது அடி, பிறகுதான் வழக்கு!