கேம் டி டிரைவில் இருக்கு... சேவ் எங்கே இருக்கு? லேப்டாப்பை ஃபார்மட் செய்யும் முன் இதைப் படிங்க!

வேலூரில் இருந்து திருவண்ணாமலை செல்லும் சாலையில், ஜவ்வாது மலையைப் பார்த்தபடி இருக்கும் ஊர் கண்ணமங்கலம். அங்கே ஒரு வீட்டை நினைத்துக்கொள்வோம். அக்கா பிளஸ் டூ படிக்கும்போது அரசு கொடுத்த லேப்டாப், அக்கா வேலைக்குப் போன பிறகு தம்பியின் கைக்கு வந்துவிட்டது. அதில் அவன் ஒரு வருஷமாக 'ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ்' விளையாடுகிறான். இன்னும் நாலைந்து மிஷன் முடித்தால் கதை முடிந்துவிடும்.

லேப்டாப் ரொம்ப ஸ்லோ. சர்வீஸ் கடையில் கேட்டால், "ஃபார்மட் பண்ணினாதான் சரியாகும். முக்கியமானதை எல்லாம் டி டிரைவுக்கு மாத்திடு தம்பி" என்கிறார்கள். "கேம் ஏற்கெனவே டி டிரைவ்லதானே இருக்கு" என்று தம்பி நிம்மதியாகக் கொடுத்துவிட்டு வருகிறான். மறுநாள் லேப்டாப் புதுசு மாதிரி ஓடுகிறது. கேமும் திறக்கிறது. ஆனால் 'லோடு கேம்' பக்கம் காலி. ஒரு வருஷ ஆட்டம் போச்சு!

டி டிரைவை யாரும் தொடவே இல்லை. அப்புறம் எப்படிப் போனது? கேம் ஒரு இடத்தில் இருக்கிறது, அதன் சேவ் ஃபைல் வேறொரு இடத்தில் இருக்கிறது என்பதுதான் விடை. அது எங்கே இருக்கும், எப்படிக் கண்டுபிடிப்பது, எப்படிப் பத்திரப்படுத்துவது? விரிவாகப் பார்க்கலாம்.

சேவ் ஃபைல் என்றால் என்ன?

டிவியில் கேசட் போட்டு 'கான்ட்ரா', 'மரியோ' விளையாடியவர்களுக்கு ஒரு வலி தெரியும். ஏழாவது ஸ்டேஜுக்குப் போயிருப்போம், கரண்ட் போய்விடும். மறுபடி முதல் ஸ்டேஜில் இருந்துதான் ஆரம்பிக்க வேண்டும். அந்த கேசட்டுகளில் விளையாடியதை எழுதிவைக்க இடமே கிடையாது. 1987-ல் அமெரிக்காவில் வெளியான 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா' கேசட்டுக்குள் ஒரு சின்ன பேட்டரியை வைத்தார்கள். மின்சாரம் இல்லாதபோதும் ஆட்டத்தின் நிலையை நினைவில் வைத்திருப்பதே அதன் வேலை.

கம்ப்யூட்டரில் அந்த வேலையைச் செய்வது சேவ் ஃபைல். எந்த மிஷன் முடிந்தது, கையில் எவ்வளவு பணம், எந்த இடத்தில் நிற்கிறீர்கள் என்பதெல்லாம் அதில்தான் இருக்கும். பெரும்பாலான சேவ் ஃபைல்கள் அளவில் மிகச் சிறியவை. சான் ஆண்ட்ரியாஸ் கேம் பல ஜிபி. அதன் ஒரு சேவ் ஃபைல் சுமார் 200 கேபி மட்டுமே. வாட்ஸ்அப்பில் வரும் ஒரு போட்டோ அளவுதான்!

கேம் அழிந்தால் மறுபடி டவுன்லோடு செய்துகொள்ளலாம். சேவ் ஃபைல் அழிந்தால் அதை எந்தக் கடையிலும் வாங்க முடியாது.

அது ஏன் சி டிரைவில் போய் உட்காருகிறது?

ஒரே கம்ப்யூட்டரை வீட்டில் பலர் பயன்படுத்தலாம் என்ற எண்ணத்தில் உருவானது விண்டோஸ். அதனால் ஒவ்வொருவருக்கும் 'யூசர்ஸ்' என்ற ஃபோல்டருக்குள் தனி இடம் உண்டு. டாக்குமெண்ட்ஸ், டவுன்லோட்ஸ், டெஸ்க்டாப் எல்லாம் அதற்குள்தான். 2007-ல் வந்த விண்டோஸ் விஸ்டா முதல், 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரில் சாஃப்ட்வேர்கள் நினைத்தபடி எழுதுவதற்கும் கட்டுப்பாடு வந்தது. எனவே கேம்கள் சேவ் ஃபைலைப் பயனாளரின் சொந்த ஃபோல்டரில் வைக்கின்றன.

அந்த ஃபோல்டர் வழக்கமாக சி டிரைவில்தான் இருக்கும். கேமை டி டிரைவில் போட்டாலும் இது மாறாது. ஃபார்மட் செய்யும்போது முதலில் துடைக்கப்படுவதும் சி டிரைவ்தான். கண்ணமங்கலம் தம்பிக்கு நடந்தது இதுவே.

எந்தெந்த இடத்தில் தேட வேண்டும்?

முதலில் மறைந்திருக்கும் ஃபோல்டர்களைத் தெரிய வைக்க வேண்டும். விண்டோஸ் 11-ல் ஃபைல் எக்ஸ்ப்ளோரரைத் திறந்து வியூ, ஷோ, ஹிட்டன் ஐட்டம்ஸ் என்று போகவும். விண்டோஸ் 10-ல் வியூ பகுதியிலேயே ஹிட்டன் ஐட்டம்ஸ் இருக்கும். அதன்பின் இந்த 4 இடங்களைப் பாருங்கள்.

1. டாக்குமெண்ட்ஸ்: பழைய கேம்களின் பிடித்தமான இடம். வைஸ் சிட்டியின் சேவ் 'ஜிடிஏ வைஸ் சிட்டி யூசர் ஃபைல்ஸ்' ஃபோல்டரிலும், சான் ஆண்ட்ரியாஸின் சேவ் அதே மாதிரி தன் பெயரில் உள்ள ஃபோல்டரிலும் இருக்கும். 'விட்சர் 3' சேவ்களும் டாக்குமெண்ட்ஸில்தான். ஸ்கைரிம், டெராரியா போன்றவை இதற்குள் 'மை கேம்ஸ்' என்ற ஃபோல்டரில் இருக்கும்.

2. சேவ்டு கேம்ஸ்: பெயரிலேயே விஷயம் இருக்கிறது. ஆனால் இதைப் பயன்படுத்தும் கேம்கள் குறைவு. 'சைபர்பங்க் 2077' அவற்றில் ஒன்று.

3. ஆப்டேட்டா: மறைந்திருக்கும் ஃபோல்டர். விண்டோஸ் கீயையும் ஆர் கீயையும் சேர்த்து அழுத்தினால் 'ரன்' பெட்டி வரும். அதில் ஒரு சதவீதக் குறி, அடுத்து ஆப்டேட்டா என்ற சொல் ஆங்கில எழுத்தில் இடைவெளி இல்லாமல், மறுபடி ஒரு சதவீதக் குறி அடித்து என்டர் கொடுக்கவும். திறப்பது 'ரோமிங்' என்ற ஃபோல்டர். மைன்கிராஃப்ட் ஜாவா, ஸ்டார்டியூ வேலி, எல்டன் ரிங் சேவ்கள் இங்கே இருக்கும். ஒரு படி மேலே போனால் 'லோக்கல்', 'லோக்கல்லோ' என்று இன்னும் இரண்டு இருக்கும். அன்ரியல் என்ஜினில் உருவான கேம்கள் பொதுவாக லோக்கலிலும், யூனிட்டியில் உருவானவை பெரும்பாலும் லோக்கல்லோவிலும் எழுதும். 'ஹாலோ நைட்' சேவ் லோக்கல்லோவில் 'டீம் செர்ரி' என்ற ஃபோல்டரில் இருக்கும்.

4. ஸ்டீம் ஃபோல்டர்: ஸ்டீமில் வாங்கிய சில கேம்களின் சேவ்கள், ஸ்டீம் இன்ஸ்டால் ஆன இடத்தில் 'யூசர்டேட்டா' என்ற ஃபோல்டரில் எண்களால் ஆன பெயர்களுக்குள் இருக்கும்.

டாக்குமெண்ட்ஸில் ஒரு குழப்பம் வரலாம். ஒன்டிரைவ் ஆன் ஆகியிருந்தால், டாக்குமெண்ட்ஸ் ஃபோல்டரே ஒன்டிரைவுக்குள் மாறியிருக்கும். "ஃபோல்டரைக் காணோமே" என்று பதறாமல் அங்கேயும் பாருங்கள்.

இந்த இடங்களில் எதிலும் கிடைக்கலையா?

ஒரு எளிய வழி இருக்கிறது. கேமைத் திறந்து ஒருமுறை சேவ் செய்துவிட்டு வெளியே வாருங்கள். உடனே யூசர் ஃபோல்டரிலும் ஆப்டேட்டாவிலும் தேடல் பெட்டியில் ஒரு நட்சத்திரக் குறி போட்டுத் தேடி, முடிவுகளை 'டேட் மாடிஃபைடு' வரிசையில் வையுங்கள். கடைசி இரண்டு நிமிடத்தில் மாறிய ஃபைல்கள் மேலே வரும். அவற்றில் கேம் பெயரோ, அதை உருவாக்கிய நிறுவனத்தின் பெயரோ உள்ள ஃபோல்டர்தான் நீங்கள் தேடுவது.

மிகப் பழைய கேம் என்றால், லோக்கல் ஃபோல்டருக்குள் 'வர்ச்சுவல் ஸ்டோர்' என்ற இடத்தையும் பார்க்கவும். புரோகிராம் ஃபைல்ஸில் எழுத முயலும் பழைய சாஃப்ட்வேர்களின் ஃபைல்களை விண்டோஸ் சத்தமில்லாமல் அங்கே திருப்பி விடும்.

பேக்கப் எடுப்பது எப்படி?

* கேமை முழுவதுமாக மூடவும். ஓடிக்கொண்டிருக்கும்போது காப்பி எடுத்தால் பாதி எழுதிய ஃபைல் வந்துவிடலாம்.
* ஒரு ஃபைலை மட்டும் எடுக்காமல் ஃபோல்டரை அப்படியே காப்பி செய்யவும். சில கேம்கள் ஒரே சேவை இரண்டு மூன்று ஃபைல்களாகப் பிரித்து வைக்கும்.
* காப்பியின் பெயரில் கேமின் பெயரையும் தேதியையும் சேர்க்கவும்.
* பென்டிரைவில் ஒன்று, கூகுள் டிரைவில் ஒன்று என இரண்டு இடங்களில் வைக்கவும். கூகுள் கணக்கில் 15 ஜிபி இலவசம். 200 கேபி ஃபைலுக்கு அது கடல்!
* காப்பி ஆன ஃபோல்டரைத் திறந்து உள்ளே ஃபைல்கள் இருக்கின்றனவா, அளவு சரியாக இருக்கிறதா என்று பார்த்த பிறகே லேப்டாப்பைக் கடையில் கொடுக்கவும்.

'3-2-1' என்று ஒரு விதி சொல்வார்கள். போட்டோகிராபர் பீட்டர் க்ரோக் பரவலாக்கியது இது. மொத்தம் 3 பிரதிகள், 2 வகை சாதனங்களில், அதில் 1 வீட்டுக்கு வெளியே. லேப்டாப், பென்டிரைவ், கூகுள் டிரைவ் என்று வைத்தால் இந்த விதி தானாகவே நிறைவேறிவிடும்.

பல கேம்கள் வைத்திருப்பவர்கள் 'லுடுசாவி' போன்ற இலவச சாஃப்ட்வேரைப் பயன்படுத்தலாம். கம்ப்யூட்டரில் உள்ள கேம்களின் சேவ்களைத் தேடி மொத்தமாக பேக்கப் எடுத்துக் கொடுக்கும்.

பழைய காப்பியை உடனே அழிக்க வேண்டாம். 2020 டிசம்பரில் வெளியான சைபர்பங்க் 2077-ல், சேவ் ஃபைல் 8 எம்பியைத் தாண்டினால் கெட்டுப்போகும் பிரச்சினை இருந்தது. அதே மாதம் அப்டேட் வந்தது. ஆனால் ஏற்கெனவே கெட்டுப்போன சேவ்களை அந்த அப்டேட் சரிசெய்யவில்லை. இப்படி நடக்கும்போது கைகொடுப்பது பழைய தேதியில் எடுத்த காப்பிதான்.

கிளவுடில் இருக்கே, போதாதா?

ஸ்டீம் 2008 முதலே கிளவுட் வசதியைத் தருகிறது. ஆனால் எல்லா கேமுக்கும் அது கிடையாது. லைப்ரரியில் கேமின் பக்கத்தில் கிளவுட் ஸ்டேட்டஸ் காட்டுகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று, கிளவுட் என்பது கண்ணாடி மாதிரி. லேப்டாப்பில் என்ன இருக்கிறதோ அதைத்தான் அங்கேயும் காட்டும். இங்கே கெட்டுப்போன ஃபைல் அங்கேயும் ஏறிவிடலாம். இரண்டும் ஒத்துப்போகாதபோது "லோக்கல் சேவ் வேண்டுமா, கிளவுட் சேவ் வேண்டுமா?" என்று ஒரு கேள்வி வரும். அவசரத்தில் ஏதோ ஒன்றை அழுத்திவிடாமல், தேதியையும் நேரத்தையும் பார்த்துத் தேர்வு செய்ய வேண்டும்.

வேலரண்ட் போன்ற ஆன்லைன் கேம்களில் உங்கள் முன்னேற்றம் நிறுவனத்தின் சர்வரில் இருக்கும். லேப்டாப்பை ஃபார்மட் செய்தாலும் போகாது. அங்கே காப்பாற்ற வேண்டியது அக்கவுண்ட், பாஸ்வேர்டு. ஆனால் அந்தச் சாவி முழுவதுமாக நம் கையில் இல்லை. 2020 செப்டம்பரில் இந்தியாவில் பப்ஜி மொபைல் தடை செய்யப்பட்டதை ரசிகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். 2021 ஜூலையில் பிஜிஎம்ஐ வந்து, பழைய கணக்கின் விவரங்களை மாற்றிக்கொள்ள வாய்ப்பு கொடுத்த பிறகுதான் பலருக்கு உயிர் வந்தது.

புது லேப்டாப்பில் திரும்ப வைப்பது எப்படி?

கேமை இன்ஸ்டால் செய்து ஒருமுறை திறந்து, புதிதாக ஒரு சேவ் போட்டு மூடவும். சேவ் ஃபோல்டர் தானாக உருவாகிவிடும். கிளவுட் வசதி இருந்தால் அதைத் தற்காலிகமாக ஆஃப் செய்யவும். பிறகு பேக்கப்பில் உள்ள ஃபைல்களை அந்த ஃபோல்டரில் போடவும். கேமைத் திறந்து பழைய சேவ் லோடு ஆகிறதா என்று பார்த்த பின் கிளவுடை ஆன் செய்யலாம். பேக்கப் காப்பி பென்டிரைவில் அப்படியே இருக்கட்டும்.

ஏற்கெனவே அழிந்துவிட்டதா?

ஃபார்மட் செய்யாமல் விண்டோஸை மட்டும் அப்கிரேடு செய்திருந்தால், சி டிரைவில் 'விண்டோஸ் டாட் ஓல்டு' என்ற ஃபோல்டர் இருக்கிறதா பாருங்கள். பழைய யூசர் ஃபோல்டர் அதற்குள் இருக்கும். வழக்கமாக 10 நாட்களில் அது தானாக அழிந்துவிடும் என்பதால் தாமதிக்கக் கூடாது.

ஃபார்மட்டே ஆகிவிட்டால், அந்த டிரைவில் புதிதாக எதையும் ஏற்றாமல் நிறுத்துவதுதான் முதல் வேலை. ஹார்ட் டிஸ்க் என்றால் ரெகவரி சாஃப்ட்வேர் மூலம் மீட்க ஓரளவு வாய்ப்பு உண்டு. எஸ்எஸ்டி என்றால் அந்த வாய்ப்பு மிகவும் குறைவு.

இப்போது ஏன் இது முக்கியம்?

தமிழ்நாடு அரசின் இலவச லேப்டாப் திட்டம் 2011 செப்டம்பர் 15-ல் தொடங்கியது. அப்போது முதல் லட்சக்கணக்கான வீடுகளுக்கு வந்த முதல் கம்ப்யூட்டர் அதுதான். அவற்றில் பல இன்னும் தம்பி, தங்கைகளின் கைகளில் ஓடிக்கொண்டிருக்கின்றன. இதற்கிடையே விண்டோஸ் 10-க்கான வழக்கமான சப்போர்ட்டை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14-ல் நிறுத்திவிட்டது. பல பழைய லேப்டாப்களில் விண்டோஸ் 11 ஏறாது. இன்னொரு பக்கம், 20 லட்சம் கல்லூரி மாணவர்களுக்கு இரண்டு ஆண்டுகளில் லேப்டாப் அல்லது டேப்லெட் வழங்கப்படும் என்று 2025-26 பட்ஜெட்டில் தமிழ்நாடு அரசு அறிவித்தது. ஆக, ஃபார்மட் செய்வதும், பழையதில் இருந்து புதியதற்கு மாறுவதும் பல வீடுகளில் நடக்கப் போகும் விஷயம்.

இன்னொரு விஷயத்தையும் கவனிக்க வேண்டும். டாக்குமெண்ட்ஸில் இருப்பது சேவ் ஃபைல் மட்டுமா? அக்காவின் கல்லூரி புராஜெக்ட் அங்கேதான் இருக்கும். டெஸ்க்டாப்பில் போட்டு வைத்த குடும்ப போட்டோக்களும், டவுன்லோட்ஸில் கிடக்கும் மார்க்‌ஷீட் ஸ்கேனும் அதே சி டிரைவில், அதே யூசர் ஃபோல்டரில்தான் இருக்கின்றன. கேம் சேவைத் தேடிப் பழகிய தம்பி, வீட்டில் மற்ற எல்லாருடைய ஃபைல்களையும் காப்பாற்றும் ஆளாக மாறிவிடுவான்.

எனவே அடுத்த முறை கடையில் "ஃபார்மட் பண்ணிடலாமா?" என்று கேட்டால், "ஒரு பத்து நிமிஷம் கொடுங்க அண்ணா, யூசர் ஃபோல்டரை பென்டிரைவில் எடுத்துக்கறேன்" என்று சொல்லுங்கள்.