சஅத் அல்ஃபரஜ் அஞ்சிய கடல்

குவைத்தில் நடிகர் சஅத் அல்ஃபரஜின் தலைமுறைக்குக் கிடைத்தது நாடக மேடையும், 1961-இல் தொடங்கிய தொலைக்காட்சியும்தான். அங்கே நகைச்சுவையில் பேரெடுத்த சஅதை, இயக்குநர் காலித் அல்சித்தீக் தன் ‘பஸ் யா பஹர்’ (போதும் கடலே) படத்தில் சிரிப்பே இல்லாத ஒரு வேடத்தில் நிறுத்தினார். 1972-இல் வந்த கறுப்பு வெள்ளைப் படம். குவைத்தின் முதல் முழுநீளக் கதைப்படம் என்பார்கள். எண்ணெய்க்கு முந்தைய காலத்துக் கதை. சஅத், சுறாவிடம் சிக்கி முடமான பழைய முத்துக்குளிப்பவர். மகன் முசாஇத் (முகம்மது அல்மன்சூர்) கல்யாணத்துக்குப் பணம் சேர்க்கக் கடலுக்குப் போகிறேன் என்கிறான். அப்பா மறுக்கிறார். மகன் பிணமாகத் திரும்புகிறான்.

கிழவரின் பயத்துக்குச் சுறா மட்டும் காரணமாக இருந்திருக்க வேண்டியதில்லை. மூக்கில் ஆமையோட்டுக் கவ்வி, விரல்களுக்குத் தோலுறை, கழுத்தில் சிப்பிக்கூடை, காலில் பளு. இவ்வளவுதான் முத்துக்குளிப்பவனின் முதலீடு. பத்து மீட்டர் ஆழத்தில் அழுத்தம் இருமடங்கு, இருபதில் மும்மடங்கு. ஆறு லிட்டர் காற்றோடு குதித்தவனுக்கு இருபதாவது மீட்டரில் அது இரண்டு லிட்டராகச் சுருங்கிவிடும். ஆனால் நெருக்குண்ட காற்றிலிருந்து ஆக்ஸிஜன் ரத்தத்துக்குத் தாராளமாகப் போகும். அடியில் சிப்பி பொறுக்குகிறவனுக்கு ஒரு குறையும் தெரியாது. வினை மேலே வரும்போதுதான். அழுத்தம் இறங்க இறங்க, செலவானது போக மிஞ்சிய ஆக்ஸிஜனின் அழுத்தமும் மளமளவென்று விழும். மூச்சுத் திணறலை முக்கியமாக உண்டாக்குவது கரியமில வாயு சேர்வது. ஆக்ஸிஜன் குறைவதை உடல் அவ்வளவாக உணராது. அதனால் முன்னறிவிப்பே இல்லாமல், தலைக்கு மேல் வெளிச்சம் தெரியும் தூரத்தில் நினைவு தப்பலாம்.

படகில் கயிற்றைப் பிடித்திருக்கும் ‘ஸைப்’ இங்கேதான் முக்கியமானவன். கயிறு ஒருமுறை அசைந்தால் உடனே இழுத்தாக வேண்டும். குளிப்பவன் தானே நீந்தி ஏறினால் தசைகள் தின்றுவிடும் ஆக்ஸிஜனை ஸைபின் தோள்கள் மிச்சப்படுத்தின. உடலியல் பாடம் படிக்காதவர்கள் கண்டுபிடித்த ஏற்பாடு! மன்னார் சலாபத்திலும் (முத்துக்குளிப்பிலும்) கல்லும் கயிறும் இதே வேலையைத்தான் செய்தன. பாரசீக வளைகுடா அரபிகளும் அங்கே வந்து மூழ்கியிருக்கிறார்கள்.

இந்தத் தொழிலைக் கவிழ்த்ததில் ஜப்பானுக்குப் பெரும் பங்கு உண்டு. 1893-இல் மிக்கிமோட்டோ சிப்பிக்குள் முத்தை வளர்த்துக் காட்டினார். 1920-களிலிருந்து வளர்ப்பு முத்து உலகச் சந்தையில் குவிந்தது. கூடவே பொருளாதார மந்தமும் வந்தது. 1938-இல் குவைத்தின் புர்கானில் எண்ணெய் கிடைத்தது, 1946-இல் ஏற்றுமதி. அதற்குப் பிறகு ஒரு கால் நூற்றாண்டு கழித்துத்தான் படம் வருகிறது. முத்துக் கடலில் உழைத்தவர்கள் பலர் அப்போது உயிரோடு இருந்திருப்பார்கள். அவர்கள் முன்னால் பொய்யாக நடிப்பது கடினம்.

ஐந்தே ஆண்டுகளில், 1977-இல், அதே சஅத் ‘தர்ப் அல்சலக்’ தொலைக்காட்சித் தொடரில் நடிகர் அப்துல்ஹுசைன் அப்துல்ரிதாவுக்கு அண்ணன் தம்பி ஜோடியாக வந்தார். அரசு அவர்கள் வீட்டை எடுத்துக்கொண்டு கொடுத்த பணத்தை இருவரும் வியாபாரம் வியாபாரமாகத் தொலைக்க, வளைகுடா விழுந்து விழுந்து சிரித்தது.