பாதி வழியில் வரும் தீர்ப்பு

2022 நவம்பர் 8, செவ்வாய்க்கிழமை இரவு. அமெரிக்காவின் ஃப்ளோரிடா மாநிலம், டாம்பா நகரில் ஆளுநர் ரான் டிசாண்டிஸின் வெற்றி விழா. நான்கு ஆண்டுகளுக்கு முன் சுமார் 32 ஆயிரம் வாக்குகளில் தப்பித்து ஆளுநரானவர், இந்த முறை ஏறக்குறைய 15 லட்சம் வாக்குகள் வித்தியாசத்தில் ஜெயித்திருந்தார். 'இன்னும் இரண்டே ஆண்டு' என்று கூட்டம் முழங்கியது. ஆளுநர் பதவியில் இரண்டு ஆண்டு இருந்தால் போதும், 2024-இல் வெள்ளை மாளிகைக்குப் போய்விடுங்கள் என்பதுதான் அந்த முழக்கத்தின் பொருள். மறுநாள் காலையில் 'நியூயார்க் போஸ்ட்' நாளிதழ், அவருடைய பெயரையும் 'எதிர்காலம்' என்ற சொல்லையும் ஒட்டவைத்து முதல் பக்கத்தில் கொட்டை எழுத்தில் தலைப்புப் போட்டது.

அதே தேர்தலில் டொனால்ட் டிரம்ப் கைகாட்டிய வேட்பாளர்கள் பலர் மண்ணைக் கவ்வினார்கள். பென்சில்வேனியாவில் மெஹ்மெட் ஓஸ், அரிசோனாவில் கேரி லேக், அடுத்த மாதம் நடந்த இரண்டாம் சுற்றில் ஜார்ஜியாவின் ஹெர்ஷல் வாக்கர் என்று பட்டியல் நீண்டது. டிரம்பின் காலம் முடிந்துவிட்டது என்று குடியரசுக் கட்சிக்குள்ளேயே வெளிப்படையாகப் பேசினார்கள்.

நடந்தது வேறு. 2024 ஜனவரியில் அயோவா மாநிலத்தில் நடந்த முதல் உட்கட்சிப் போட்டியிலேயே வெகுவாகப் பின்தங்கிய டிசாண்டிஸ், சில நாட்களில் களத்தை விட்டு விலகினார். அந்த ஆண்டு நவம்பரில் டிரம்ப், அதிபரைத் தீர்மானிக்கும் எலக்டோரல் வாக்குகளில் 312 பெற்று மீண்டும் அதிபரானார்.

ஒரு தேர்தல் முடிவை வைத்து ஒரு கட்சியின் நாளையைக் கணிப்பது எவ்வளவு கடினம் என்பதற்கு இதைவிடப் பக்கத்தில் உதாரணம் கிடையாது. அப்படியானால் அமெரிக்க இடைக்காலத் தேர்தல் முடிவுகள் உண்மையில் எதைச் சொல்கின்றன?

எதற்காக இந்தத் தேர்தல்?

நம் ஊரில் 'இடைக்காலத் தேர்தல்' என்றால், ஆட்சி கவிழ்ந்து காலம் முடியும் முன்பே வரும் தேர்தல் என்றுதான் நினைப்போம். அமெரிக்காவில் இந்தச் சொல்லுக்குப் பொருள் வேறு. அதிபரின் பதவிக்காலம் நான்கு ஆண்டு. பிரதிநிதிகள் சபை உறுப்பினர்கள் 435 பேருக்கும் இரண்டே ஆண்டு. நூறு பேர் கொண்ட செனட் சபையில் ஒருவரின் பதவிக்காலம் ஆறு ஆண்டு. இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை மூன்றில் ஒரு பங்கு இடங்களுக்குத் தேர்தல் வரும். ஆகவே அதிபர் பதவியேற்ற இரண்டாவது ஆண்டில், அவர் பெயர் வாக்குச்சீட்டில் இல்லாமலேயே, நாடு முழுவதும் ஒரு பெரிய தேர்தல் நடந்தே தீரும். பெரும்பாலான மாநிலங்கள் தங்கள் ஆளுநரையும் அப்போதுதான் தேர்ந்தெடுக்கின்றன. அங்கே ஆளுநர் என்பவர் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுப்பவர்; நம் முதலமைச்சருக்கு நிகரானவர்.

இந்தத் தேர்தலில் அதிபரின் கட்சிக்கு அடி விழுவது ஏறக்குறைய வழக்கமாகிவிட்டது. 1934 முதல் 2022 வரை நடந்த இடைக்காலத் தேர்தல்களில், அதிபரின் கட்சி பிரதிநிதிகள் சபையில் கூடுதல் இடங்களைப் பெற்றது மூன்றே முறை. 1934-இல் பெரும் பொருளாதார வீழ்ச்சிக்கு நடுவே ரூஸ்வெல்ட், 1998-இல் தன் மீதான பதவிநீக்க முயற்சியே எதிர்க்கட்சிக்கு எதிராகத் திரும்பிய கிளின்டன், 2002-இல் செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பிந்தைய ஜார்ஜ் புஷ். மூன்றுமே அசாதாரணமான காலங்கள்.

காரணம் சிக்கலானதல்ல. அதிபரை ஜெயிக்க வைத்தவர்கள் நிம்மதியாக இருந்துவிடுகிறார்கள். தோற்றவர்கள் கோபத்தோடு காத்திருக்கிறார்கள். விலைவாசி, போர், வேலையின்மை என்று எந்தக் குறை வந்தாலும் அதைச் சொல்ல வாக்காளருக்குக் கிடைக்கும் முதல் வாய்ப்பு இதுதான். எனவே எதிர்க்கட்சிக்கு விழும் வாக்கில் பெரும்பகுதி ஆட்சியின் மீதான அதிருப்தி. எதிர்க்கட்சியின் மீது பிறந்த நம்பிக்கை என்று அதை எடுத்துக்கொள்ளும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது.

ஜெயித்தவர்கள் தவறிய இடம்

1946-ஆம் ஆண்டை எடுத்துக்கொள்வோம். இரண்டாம் உலகப் போர் முடிந்திருந்தது. இறைச்சித் தட்டுப்பாடு, விலையேற்றம், ஊரெங்கும் வேலைநிறுத்தம். குடியரசுக் கட்சி 'பட்டது போதுமா?' என்ற பொருளில் இரண்டே சொற்களில் பிரசாரம் செய்து, பிரதிநிதிகள் சபையில் 55 இடங்களைக் கூடுதலாகப் பிடித்து இரு சபைகளையும் கைப்பற்றியது. அதிபர் ஹாரி ட்ரூமன் பதவி விலகிவிடுவதே நல்லது என்று அவருடைய ஜனநாயகக் கட்சியைச் சேர்ந்த செனட்டர் வில்லியம் ஃபுல்பிரைட்டே யோசனை சொன்னார்.

ட்ரூமன் விலகவில்லை. இரு சபைகளும் சேர்ந்த புதிய காங்கிரஸ், தொழிற்சங்கங்களின் உரிமைகளைக் குறுக்கும் டாஃப்ட்-ஹார்ட்லி சட்டத்தை அவருடைய மறுப்பையும் மீறி நிறைவேற்றியது. வீட்டுவசதி, விலைக் கட்டுப்பாடு போன்ற அவருடைய கோரிக்கைகளுக்கு அசையவில்லை. 1948-இல் ட்ரூமன் ரயிலேறி ஊர் ஊராகப் போய், 'ஒன்றும் செய்யாத காங்கிரஸ்' என்று ஒரே குற்றச்சாட்டைத் திரும்பத் திரும்பச் சொன்னார். தேர்தல் இரவில் 'சிகாகோ ட்ரிப்யூன்' நாளிதழ், குடியரசுக் கட்சி வேட்பாளரின் பெயரைப் போட்டு 'ட்ரூமனை டூயி தோற்கடித்தார்' என்று முந்திக்கொண்டு அச்சடித்தது. ஜெயித்த ட்ரூமன் அந்தத் தாளைத் தூக்கிப் பிடித்துச் சிரிக்கும் படம் உலகப் புகழ் பெற்றது. அவருடைய கட்சி இரு சபைகளையும் திரும்பப் பிடித்தது.

1994-இல் இதே கதை வேறு ஆட்களை வைத்து நடந்தது. நியூட் கிங்ரிச் தலைமையில் குடியரசுக் கட்சி 54 இடங்களைக் கூடுதலாகப் பெற்று, 40 ஆண்டுகளுக்குப் பின் பிரதிநிதிகள் சபையைக் கைப்பற்றியது. அப்போதைய சபாநாயகர் டாம் ஃபோலி சொந்தத் தொகுதியிலேயே தோற்றார். மக்கள் தங்களுக்கு முழு அதிகாரம் கொடுத்துவிட்டதாக நம்பிய புதிய தலைமை, வரவு செலவுத் திட்டத்தில் கிளின்டனோடு மல்லுக்கு நின்றது. 1995 டிசம்பரில் தொடங்கி 21 நாட்கள் மத்திய அரசு அலுவலகங்கள் முடங்கின. பழி கிங்ரிச் மீது விழுந்தது. 1996-இல் கிளின்டன் 379 எலக்டோரல் வாக்குகளுடன் எளிதாக ஜெயித்தார்.

2010-இல் பராக் ஒபாமாவின் கட்சி 63 இடங்களை இழந்தது. 2012-இல் அவர் 332 எலக்டோரல் வாக்குகளுடன் மீண்டார். தோல்வி, அதிபரைத் தன் அணியைத் திருத்திக்கொள்ள வைக்கிறது. மோதுவதற்கு ஒரு எதிராளியையும் கொடுக்கிறது. ஆனால் எப்போதும் இப்படி நடப்பதில்லை. 2006-இல் புஷ்ஷின் கட்சியை வீழ்த்திய ஜனநாயகக் கட்சி, 2008-இல் அதிபர் பதவியையும் எடுத்தது. ஈராக் போர் மீதான அதிருப்தி இரண்டு ஆண்டுகளிலும் தணியவில்லை. அதன் மேல் நிதி நெருக்கடியும் சேர்ந்துகொண்டது.

யார் வரிசையில் நின்றார்கள்?

முடிவுகளைப் படிப்பவர்கள் அதிகம் கவனிக்காத எண் ஒன்று உண்டு. எத்தனை பேர் வாக்களித்தார்கள் என்பதுதான் அது. 2014 இடைக்காலத் தேர்தலில் வாக்களிக்கத் தகுதியுள்ளவர்களில் 37 சதவீதத்துக்கும் குறைவானவர்களே வாக்களித்தார்கள். 2018-இல் அது ஏறக்குறைய 50 சதவீதம். ஒரு நூற்றாண்டில் இல்லாத அளவு. 2022-இல் சுமார் 46. அதிபர் தேர்தல்களிலோ 2020-இல் சுமார் 66, 2024-இல் சுமார் 64. அதாவது இடைக்காலத் தேர்தலில் வீட்டிலேயே இருந்துவிட்ட கோடிக்கணக்கானவர்கள், இரண்டு ஆண்டு கழித்து வாக்குச்சாவடிக்கு வருகிறார்கள். அவர்கள் முன்பு வந்தவர்களைப் போலவே வாக்களிப்பார்கள் என்பதற்கு எந்த உத்தரவாதமும் இல்லை.

மிச்சிகன், விஸ்கான்சின், பென்சில்வேனியா ஆகிய மூன்று மாநிலங்களை வைத்து இதைப் பார்க்கலாம். 2018-இல் மூன்றிலும் ஆளுநர் தேர்தலில் ஜனநாயகக் கட்சி ஜெயித்தது. 2020-இல் மூன்றும் அந்தக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஜோ பைடனுக்குக் கிடைத்தன. 2022-இலும் மூன்று ஆளுநர் பதவிகளை அதே கட்சியே வென்றது. 2024-இல் மூன்றும் டிரம்ப் பக்கம் போயின. ஒரே மாநிலங்கள், ஒரே மாதிரியான இடைக்கால வெற்றி. அதற்குப் பின் வந்த முடிவுகள் நேரெதிர்.

இடையில் மாறியது கட்சிகளின் ஆதரவுத் தளம். முன்பெல்லாம் தவறாமல் வாக்களிக்கும் வசதியான, படித்த, புறநகர் வாக்காளர்கள் குடியரசுக் கட்சியின் பலம். டிரம்பின் வருகைக்குப் பின் அவர்களில் பலர் ஜனநாயகக் கட்சிக்கு நகர்ந்தார்கள். பட்டம் பெறாத உழைக்கும் மக்கள், அரசியலை அன்றாடம் பின்தொடராதவர்கள் டிரம்ப் பக்கம் போனார்கள். இவர்கள் இடைக்காலத் தேர்தலுக்குப் பெரும்பாலும் வருவதில்லை. டிரம்பின் பெயர் சீட்டில் இருந்தால் வருகிறார்கள். 2022-இன் முடிவு ஜனநாயகக் கட்சியின் பலத்தைக் காட்டியது உண்மை. அதன் பலவீனம் அன்று வரிசையில் நிற்கவில்லை.

அந்த ஆண்டு இன்னொரு காரணமும் இருந்தது. ஜூன் மாதம் அமெரிக்க உச்ச நீதிமன்றம், கருக்கலைப்பை அரசியல் சாசன உரிமையாக ஏற்ற 1973-ஆம் ஆண்டின் தீர்ப்பை ரத்து செய்தது. பெண்களின் கோபம் வாக்காக மாறியது. குடியரசுக் கட்சியின் பழைய கோட்டையான கான்சாஸ் மாநிலத்தில்கூட ஆகஸ்டில் நடந்த வாக்கெடுப்பில் சுமார் 59 சதவீதம் பேர் அந்த உரிமையைக் காத்தார்கள். ஆனால் 2024-இல் அரிசோனா, மிசூரி, நெவாடா மாநில வாக்காளர்கள் கருக்கலைப்பு உரிமைக்கு ஆதரவாக ஒரு வாக்கும், அதே சீட்டில் டிரம்பை வெற்றி பெறவைக்கும் இன்னொரு வாக்கும் அளித்தார்கள். ஒரு பிரச்சினையில் கட்சியோடு நின்றவர்கள், ஆட்சியையும் அதன் கையில் கொடுப்பார்கள் என்ற கணக்கு பொய்த்தது.

தவறான ஆறுதலின் விலை

2022-இல் பணவீக்கம் நாற்பது ஆண்டுகளில் இல்லாத உச்சத்தைத் தொட்டிருந்தது. அப்படியும் ஆளும் ஜனநாயகக் கட்சி செனட்டில் ஓர் இடத்தைக் கூட்டிக்கொண்டது. பிரதிநிதிகள் சபையை மிகச் சிறிய வித்தியாசத்தில்தான் இழந்தது. வாக்குப்பதிவுக்கு மறுநாள் செய்தியாளர்கள், அடுத்த இரண்டு ஆண்டில் எதை மாற்றிக்கொள்வீர்கள் என்று அதிபர் பைடனிடம் கேட்டார்கள். எதையும் மாற்றப்போவதில்லை என்றார். அதே மாதம் அவருக்கு 80 வயது நிறைந்தது.

கட்சி மோசமாகத் தோற்றிருந்தால், வயதைக் காட்டி அவரை ஒதுங்கச் சொல்லும் குரல்கள் அப்போதே வலுத்திருக்கும். வேறு தலைவர்கள் உட்கட்சித் தேர்தலில் மோதி, மக்களுக்கு அறிமுகமாகியிருப்பார்கள். நல்ல முடிவு அந்தக் கதவை அடைத்தது. 2023 ஏப்ரலில் பைடன் மீண்டும் போட்டியிடுவதாக அறிவித்தார். 2024 ஜூலை 21-ஆம் தேதி, தொலைக்காட்சி விவாதத்தில் தடுமாறிய பிறகு, விலகினார். அவருக்குப் பதிலாக வேட்பாளரான, சென்னையைச் சேர்ந்த சியாமளா கோபாலனின் மகள் கமலா ஹாரிஸுக்குப் பிரசாரத்துக்குக் கிடைத்தது 107 நாட்கள். அவருடைய தாய்வழிப் பூர்வீக ஊரான, திருவாரூர் மாவட்டத்தின் துளசேந்திரபுரம் கோயிலில் அவருக்காக அர்ச்சனை நடந்துகொண்டிருந்தபோது, அவருடைய கட்சி இரண்டு ஆண்டுகளுக்கு முன் செய்திருக்க வேண்டிய விவாதத்தை அவசர அவசரமாகச் செய்துகொண்டிருந்தது.

நீண்டகாலத்துக்கு எது நிற்கிறது?

இடைக்காலத் தேர்தலால் எதிர்காலமே மாறாது என்றும் சொல்லிவிட முடியாது. அதன் பலன் அடுத்த அதிபர் யார் என்பதில் தெரிவதைவிட, சத்தமில்லாத வேறு இடங்களில் ஆழமாகத் தெரிகிறது.

2010 வெற்றியில் குடியரசுக் கட்சி மாநிலச் சட்டமன்றங்களையும் அள்ளியது. பத்தாண்டுக்கு ஒருமுறை மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குப் பின் தொகுதி எல்லைகளை வரைவது பல மாநிலங்களில் சட்டமன்றங்களின் வேலை. எல்லைகள் அந்தக் கட்சிக்குச் சாதகமாக வரையப்பட்டன. 2012-இல் நாடு முழுவதும் பிரதிநிதிகள் சபைக்கு ஜனநாயகக் கட்சிதான் பத்து லட்சத்துக்கும் மேல் கூடுதல் வாக்குகள் பெற்றது. இடங்களோ 234-க்கு 201 என்று குடியரசுக் கட்சிக்குப் போயின.

யாரும் அக்கறை காட்டாத 2014 தேர்தலின் விளைவு இன்னும் பெரியது. அதில் குடியரசுக் கட்சி செனட்டைப் பிடித்தது. 2016-இல் உச்ச நீதிமன்ற நீதிபதி ஸ்காலியா மறைந்தபோது, ஒபாமா முன்மொழிந்த மெரிக் கார்லண்டை அந்த செனட் விசாரிக்கவே மறுத்தது. அந்த இடத்தை டிரம்ப் நிரப்பினார். பிறகு மேலும் இருவரை நியமித்தார். அந்த நீதிமன்றம்தான் 2022-இல் கருக்கலைப்புத் தீர்ப்பை வழங்கியது. 37 சதவீதம் பேர்கூட வாக்களிக்காத ஒரு தேர்தல், எட்டு ஆண்டு கழித்து கோடிக்கணக்கான பெண்களின் வாழ்க்கையைத் தொட்டது.

ஒரு கட்சியின் உயிரையே இந்தத் தேர்தல் எடுத்ததும் உண்டு. புதிய பகுதிகளுக்கு அடிமை முறை பரவ வழிவிட்ட கான்சாஸ்-நெப்ராஸ்கா சட்டத்தை எதிர்த்து, 1854-இல் வடக்கு மாநிலங்கள் ஆளும் ஜனநாயகக் கட்சியை உலுக்கின. அந்தக் கோபத்தை ஏந்திக்கொள்ள முடியாமல், அடிமை முறை பற்றி உள்ளுக்குள் இரண்டாகப் பிளந்து கிடந்த விக் கட்சி சில ஆண்டுகளில் காணாமல் போனது. அந்த ஆண்டில் பிறந்த குடியரசுக் கட்சி 1860-இல் ஆபிரகாம் லிங்கனை அதிபராக்கியது. ஆறே ஆண்டில் இது நடந்ததற்குக் காரணம், அன்றைய வாக்காளரின் கோபத்தை ஒரு கொள்கையாக மாற்ற ஒரு கட்சிக்குத் தெரிந்திருந்ததுதான்.

2026 நவம்பர் 3 அன்று அமெரிக்கா மீண்டும் இந்தத் தேர்தலைச் சந்திக்கிறது. பிரதிநிதிகள் சபையின் 435 இடங்களும், 36 மாநிலங்களின் ஆளுநர் பதவிகளும் களத்தில் இருக்கின்றன. டெக்சாஸும் கலிபோர்னியாவும் தொகுதி எல்லைகளை முன்கூட்டியே மாற்றிவிட்டன. அந்த இரவில் தொலைக்காட்சியில் ஓடும் இடங்களின் எண்ணிக்கையோடு வாசகர்கள் நின்றுவிட வேண்டாம். எத்தனை சதவீதம் பேர் வாக்களித்தார்கள், மாநிலச் சட்டமன்றங்கள் யார் கைக்குப் போயின, செனட்டில் யாருக்குப் பெரும்பான்மை, ஜெயித்த கட்சி மறுநாள் தன் குறைகளைப் பற்றிப் பேசுகிறதா என்ற நான்கையும் குறித்து வைத்துக்கொண்டு, 2028 நவம்பரில் எடுத்துப் பாருங்கள்.