ஆற்றின் அழகா, வெள்ளக் கரையா? டோக்கியோ புறநகர் ஒன்று தண்ணீரில் சிக்கியது எப்படி?

டோக்கியோவின் தென்மேற்கு ஓரத்தில், தமா ஆற்றை ஒட்டியிருக்கிறது ஃபுதாகோ-தமகாவா. ராகுடென் நிறுவனத் தலைமையகம், உயர்ந்த அடுக்குமாடிகள், பெரிய மால் என்று இன்றைக்குப் பளபளக்கிற இடம். நூறு வருஷத்துக்கு முன்னால் இங்கே ஆற்றைக் கடக்கணும்னா படகுதான். பாலம் வந்ததே 1925-ல்.

ரயில் அதற்கும் முன்பே, 1907-ல், ஷிபுயாவிலிருந்து வந்துவிட்டது. ஆனால் அது பெரிதும் நம்பியிருந்தது பயணிகளை அல்ல, ஆற்றில் அள்ளிய சரளைக்கல்லை. தலைநகரின் கட்டுமானத்துக்கு அந்தக் கல் தேவைப்பட்டது. 'ஜல்லி ரயில்' என்றே மக்கள் அதைக் கூப்பிட்டார்கள்.

அதே ரயிலில் நகரத்துக்காரர்கள் ஆயு மீன் சாப்பிடவும், ஆற்றை வேடிக்கை பார்க்கவும் வந்தார்கள். கரையோரம் உணவு விடுதிகள் பெருகின. சிக்கல் ஆரம்பித்ததும் இங்கேதான். வெள்ளத் தடுப்புக் கரை கட்டியபோது, காட்சி மறையக்கூடாது என்று விடுதிகளை ஆற்றுப் பக்கமே விட்டுவிட்டு, அவற்றுக்குப் பின்னால் கரையை எழுப்பினார்கள்.

பிறகு அந்த இடத்தில் வீடுகள் வந்தன. ஆற்றோரமாகப் புதுக் கரை கட்ட அரசு முன்வந்தபோது, அழகு கெட்டுவிடும் என்று குடியிருப்பவர்களில் ஒரு பகுதியினர் எதிர்த்தார்கள். அவர்களை விவரமில்லாதவர்கள் என்று சொல்லிவிடுவது சுலபம். ஆனால் அந்த ஊர் வளர்ந்ததே அந்தக் காட்சியை விற்றுத்தானே? கொஞ்ச தூரம் கரையில்லாமலேயே கிடந்தது.

2019 அக்டோபர் 12 அன்று ஹகிபிஸ் புயல் வந்தது. கரையில்லாத அந்த இடைவெளி வழியாகத்தான் தமா ஆறு வீடுகளுக்குள் புகுந்தது. அதற்குப் பிறகே அங்கே கரை கட்டும் வேலை வேகம் பிடித்தது.