மரணமும் ஓர் ஊடல்!

உண்மை அன்புக்கு அடையாளம் உடன் சாவதுதான் என்று எதிரணி நண்பர் முழங்கிவிட்டுப் போனார். ரோமியோ, ஜூலியட்டைத் துணைக்கு வேறு அழைத்தார். சரி, அங்கேயே தொடங்குவோம்.

கல்லறையில் ஜூலியட் கிடக்கிறாள். ரோமியோ என்ன நினைக்கிறான் தெரியுமா? சாவு இவள்மேல் ஆசைப்பட்டு, இருட்டில் தன் காதலியாக ஒளித்து வைத்திருக்கிறதாம்! அவளுக்குக் காவலிருக்க நஞ்சைக் குடிக்கிறான். ஐயா, அந்த நேரத்துல அவ உயிரோடதான்யா இருக்கா! மருந்து தந்த தூக்கம். கொஞ்சம் பொறுத்திருந்தா எழுந்திருப்பா. சாவைக் காதலனாக்கிய உருவகம் அழகுதான். அதை நம்பியவனும் செத்தான், அவளும் செத்தாள்.

இப்போ நம்ம ஊருக்கு வாங்க. 2019-இல் பிறந்த இந்தக் கள்ளக்குறிச்சி மாவட்டத்துத் திருக்கோவிலூரில், தென்பெண்ணை நடுவே கபிலர் குன்று நிற்கிறது. மூவேந்தர் பகையால் பாரி மாண்டான். புறநானூறு 236-ஆம் பாட்டில், செத்துப்போன அந்த நண்பனோடு கபிலர் சண்டை போடுகிறார்! என்னைக் கூட வரவிடாமல் இங்கேயே இரு என்றாயே, இது நட்புக்கு அடுக்குமா என்று கேட்கிறார். காத்த காலமெல்லாம் நீ என்மேல் 'புலந்து' இருந்தாய் போலும் என்கிறார். புலத்தல் என்பது காதலர் ஊடலுக்கு உரிய சொல்லுங்க! ஊடல் என்றால் பின்னாலே கூடல் உண்டு. அதனால்தான் மறுமையிலும் சேர்ந்திருக்க வேண்டும் என்று ஊழை வேண்டிப் பாட்டை முடிக்கிறார்.

அதே பாட்டின் தொடக்கத்தில் ஒரு பலாப்பழம். முழவு போலப் பெரிய பழம். குரங்கு கிழித்துத் தின்ற மிச்சம் குறவர்க்கு உணவாகிறது. கல்வராயன் மலை ஏறி இறங்குகிற உங்களுக்குப் பலாவை நான் விளக்கணுமா? கிழிந்தாலும் பசி தீர்க்கும். கபிலர் வாழ்வும் கிழிந்த பழம்தான். ஆனால் பாரியின் பெண்களுக்கு அதுதான் ஆதரவு.

"கடைசியில் கபிலரும் செத்தாரே" என்பீர்கள். அந்தணரிடம் பெண்களை ஒப்படைத்து வடக்கிருந்தார் என்கிறது பாட்டின் அடிக்குறிப்பு. மலையனுக்குக் கொடுத்துவிட்டுத் தீப்புகுந்தார் என்கிறது திருக்கோவிலூர் வீரட்டானேசுவரர் கோயிலில் உள்ள, முதலாம் இராசராசன் காலத்துக் கல்வெட்டு. முடிவு வேறுபடலாம், பெண்களை முதலில் கரைசேர்த்தார் என்பதில் இரண்டும் ஒன்றுதான்.

சாகத் துடித்தவரை நிறுத்தியது எது? நண்பன் சொன்ன 'இரு' என்ற ஒரு சொல். அன்பு, 'செத்துப் போவோம் வா' என்று கூப்பிடாது ஐயா, 'இரு' என்றுதான் சொல்லும்!