டீக்கடை ஷிபு, ஜனாதிபதி மன்னர் மன்னன்: யார் இந்த குரு சோமசுந்தரம்?

சிம்மக்கல்லில் பஸ்ஸுக்கு நிற்கிற யாரிடமாவது மதுரைக்கார நடிகர்கள் யார் யாரென்று கேட்டுப் பாருங்கள். வடிவேலு, சசிகுமார் என்று உடனே பதில் வரும். குரு சோமசுந்தரம் பெயர் சட்டென வராது. ‘மின்னல் முரளி’ வில்லன் என்று சொன்னால்தான், “அட, அவரு நம்ம ஊரா?” என்பார்கள்.

பெயர் நிற்காததற்குக் காரணம், படத்துக்குப் படம் ஆளே மாறிவிடுவதுதான். ந.முத்துசாமி 1977-ல் தொடங்கிய கூத்துப்பட்டறையில் பல ஆண்டுகள் நாடகம் நடித்துவிட்டு வந்தவர். பசுபதி, விதார்த், விமல் எல்லாம் அதே பட்டறைதான்.

2011-ல் வந்த ‘ஆரண்ய காண்டம்’ படத்தில் காளையன். வாழ்ந்து கெட்ட ஜமீன், குடிகாரர், சேவல் சண்டைக்காக மகனோடு நகரத்துக்கு வந்து மாட்டிக்கொள்பவர். இரக்கம் வரும், கூடவே எரிச்சலும் வரும். படம் தியேட்டரில் ஓடவில்லை. பிறகுதான் கொண்டாடினார்கள், அதற்குள் அவருக்குச் சின்னச் சின்ன வேடங்கள்தான் வந்தன. ‘ஜிகர்தண்டா’வில் (2014) மதுரை ரவுடிகளுக்கு நடிப்புச் சொல்லிக்கொடுக்கும் வாத்தியார். கொஞ்ச நேரம்தான், ஆனால் தியேட்டரே சிரித்தது.

பெரிய வாய்ப்பு 2016-ல், ராஜு முருகனின் ‘ஜோக்கர்’. தன்னை இந்திய ஜனாதிபதி என்றே நம்பும் தர்மபுரி கிராமத்து மனிதர் மன்னர் மன்னன். அரைகுறையாகக் கட்டிய அரசு கழிப்பறை இடிந்து விழுந்து, மனைவி கோமாவில் கிடக்கிறார். கொஞ்சம் அதிகமாகச் செய்திருந்தால் கேலிச்சித்திரம் ஆகியிருக்கும். முதலில் சிரிக்கவிட்டு, ஏன் சிரித்தோம் என்று பிறகு கூச வைக்கிறார். சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அந்தப் படத்துக்குக் கிடைத்தது.

இப்படி ஒரு படத்துக்குப் பிறகு ஹீரோ வாய்ப்புகள் வரிசை கட்டியிருக்க வேண்டும். அப்படி நடக்கவில்லை. முகத்துக்கு ஏற்ற வேடம் என்று யோசிக்கும் தமிழ் சினிமாவுக்கு, நிலையான முகமே இல்லாத நடிகரை எங்கே வைப்பதென்று தெரியவில்லை போல.

2021 கடைசியில் இரண்டே மாத இடைவெளியில் இரண்டு படங்கள். ‘ஜெய் பீம்’ படத்தில் அரசு வழக்கறிஞர். டிசம்பர் 24-ல் நெட்ஃப்ளிக்ஸில் வந்த பேசில் ஜோசப்பின் மலையாளப் படம் ‘மின்னல் முரளி’யில் ஷிபு. மின்னல் தாக்கி சக்தி பெற்ற டீக்கடை ஊழியர், காதலித்தவளின் குழந்தையின் ஆபரேஷனுக்காக பேங்க்கைக் கொள்ளையடிக்கிறார். உஷா அவரை ஏற்றுக்கொள்ளும் இரவில் அழுகையும் சிரிப்பும் ஒன்றாகக் கலந்து வருமே, சோஷியல் மீடியாவில் அந்தக் காட்சியைப் பகிராத ஆள் குறைவு. சூப்பர் ஹீரோ டொவினோ தாமஸ்தான்; பேசப்பட்டது வில்லன்!

இன்னும் இவர் படம் எதுவும் பார்க்காதவர்கள் ஷிபுவில் ஆரம்பிக்கலாம். அந்தச் சூட்டோடு காளையனையும் பார்த்துவிடுங்கள், இரண்டும் ஒரே ஆள்தானா என்று மறுபடி டைட்டில் கார்டைப் பார்க்கத் தோன்றும்.