வீட்டுக்குள் சோற்றுக்கற்றாழை: அழுகாமல் காப்பது எப்படி?

திருஷ்டிக்காக நிலைவாசலில் தலைகீழாகக் கட்டித் தொங்கவிடப்படும் சோற்றுக்கற்றாழை, மண்ணும் நீரும் இன்றியே பல மாதங்கள் உயிரோடு இருப்பதை விவசாயிகள் அறிவர். அதே செடியைத் தொட்டியில் நட்டு வீட்டுக்குள் வைத்து, நாள்தோறும் நீர் ஊற்றினால் சில வாரங்களில் அழுகிவிடுகிறது. வீடுகளில் கற்றாழை சாவதற்குப் பெரும்பாலும் அளவுக்கு மீறிய நீரே காரணமாகும்.

அரேபியத் தீபகற்பத்தின் வறண்ட பகுதி இச்செடியின் தாயகம். தடித்த இலைகளில் நீரைச் சேமித்து வைக்கிறது. நெல் போன்ற பயிர்கள் பகலில் இலைத்துளைகளைத் திறந்து கரியமில வாயுவை ஏற்கின்றன. கற்றாழையோ இரவில் திறப்பதால் நீராவிப் போக்கு மிகக் குறைவு. வீட்டுக்குள் வெயிலும் காற்றோட்டமும் குறைவு என்பதால் தொட்டி மண்ணும் எளிதில் காய்வதில்லை. தேங்கிய ஈரத்தில் வேர்களுக்குக் காற்று கிடைக்காமல், பூசணங்கள் தாக்கி அழுகல் உண்டாகிறது.

தொட்டியும் மண்ணும்

அடியில் துளையுள்ள மண்தொட்டியே சிறந்தது. தகர டப்பா, பிளாஸ்டிக் வாளி ஆகியவற்றைப் பயன்படுத்தினால் அடியில் நான்கைந்து துளைகள் இட வேண்டும். பருமணல் 2 பங்கு, செம்மண் 1 பங்கு, நன்கு மக்கிய தொழு உரம் 1 பங்கு கலந்து நிரப்பலாம். மணல் கிடைக்காவிடில் உடைத்த செங்கல் துண்டுகளைக் கலக்கலாம். நீரைப் பிடித்து வைக்கும் கரிசல் மண்ணைத் தனியாக இடக் கூடாது.

வைக்கும் இடம்

காலை வெயில் படும் கிழக்கு ஜன்னல் ஏற்றது. இருண்ட மூலையில் இலைகள் வெளிறி, நீண்டு, சாய்ந்துவிடும். நிழலில் வளர்ந்த செடியைத் திடீரென உச்சி வெயிலில் வைத்தால் இலைகள் செம்பழுப்பாகக் கருகும். தாழ்வாரத்து நிழலில் சில நாட்கள் பழக்கிய பிறகே வெளியில் வைக்க வேண்டும்.

நீர் ஊற்றும் முறை

விளக்குமாற்று ஈர்க்கு ஒன்றைத் தொட்டி மண்ணில் விரல் நீளத்திற்குச் செருகி எடுக்க வேண்டும். ஈர்க்கில் மண் ஒட்டினால் நீர் தேவையில்லை. ஒட்டாமல் வந்தால், அடித்துளையில் வடியும் அளவு ஊற்றி, தட்டில் தேங்கும் நீரைக் கொட்டிவிட வேண்டும். வீட்டுக்குள் இருக்கும் செடிக்குக் கோடையில் வாரம் ஒருமுறையும், மழைக்காலத்தில் இரண்டு மூன்று வாரங்களுக்கு ஒருமுறையும் போதுமானது. இலை மெலிந்து உட்குவிந்தால் நீர் போதவில்லை. மஞ்சளாகிக் கொழகொழத்தால் நீர் மிகுதி என்று அறியலாம்.

அழுகல் கண்டால்

உடனே செடியைப் பிடுங்கி, அழுகிய வேரையும் இலையையும் நல்ல பகுதி தெரியும்வரை சுத்தமான கத்தியால் நீக்க வேண்டும். மூன்று முதல் ஐந்து நாட்கள் நிழலில் உலர்த்தி, புதிய மண்கலவையில் நட்டு, ஒரு வாரம் கழித்து நீர் ஊற்றலாம். இலை இடுக்கில் பஞ்சு போன்ற மாவுப்பூச்சி தென்பட்டால், சோப்புக் கரைசலில் நனைத்த துணியால் துடைத்தெடுப்பது நலம்.

இலையை நட்டால் பெரும்பாலும் அழுகிப்போகும். தாய்ச்செடியின் அடியில் தோன்றும் பக்கக்கன்றுகளை, அரை சாண் உயரம் வந்ததும் வேருடன் பிரித்து நட வேண்டும்.

பயன்படுத்தும்போது எச்சரிக்கை

முதிர்ந்த வெளி இலையை மட்டும் அடியோடு அறுக்க வேண்டும். தோலின் கீழுள்ள மஞ்சள் பால் கடும் பேதியை உண்டாக்கும். அறுத்த முனை கீழே இருக்குமாறு கால் மணி நேரம் நிறுத்தி வைத்துப் பாலை வடியவிட்டு, நன்கு கழுவ வேண்டும். கர்ப்பிணிகளும் குழந்தைகளும் இதை உட்கொள்ளக் கூடாது. அடுப்படியில் சிறு சூடு பட்டால், முதலில் 20 நிமிடம் குளிர்ந்த நீரில் காட்டிய பின்னரே நிறமற்ற சோற்றைத் தடவலாம். கொப்புளம் பெரிதானாலும், காயம் ஆழமானாலும் மருத்துவமனைக்குச் செல்வதே முறை.

இம்முறைகளைக் கையாண்டால், தொட்டியில் வைத்த ஒரு கன்று பல ஆண்டுகள் குடும்பத்திற்குப் பயன்படுவதோடு, அண்டை வீடுகளுக்குக் கொடுக்கவும் கன்றுகள் தரும்.